செர்பிய மேடையில் ஓர் இளம் நடிகரைப் பின்தொடர்வது எப்படி

பெல்கிரேடுக்கு வேலைக்கோ படிக்கவோ வரும் நம் ஊர்ப் பிள்ளைகள் சிலர், "அக்கா, இங்கே நாடகம் நல்லா இருக்குமாமே, எதைப் பார்க்கலாம்?" என்று என்னிடம் கேட்பதுண்டு. மொழி தெரியாதே என்ற தயக்கமும் கூடவே இருக்கும். நான் நாடகத்தின் பெயர் எதையும் சொல்வதில்லை. இன்னும் பெரிய பெயர் எடுக்காத ஒரு நடிகரையோ நடிகையையோ பிடித்துக்கொண்டு, இரண்டு மூன்று வருஷம் விடாமல் பின்னால் போங்கள் என்றுதான் சொல்வேன். அதை எப்படிச் செய்வது என்று ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிக்கொண்டிருந்ததை இங்கே எழுதிவைக்கிறேன்.

நான் நாகர்கோவில்காரி. என் வீட்டுக்காரரின் வேலை காரணமாக 2017-ல் இங்கே வந்தேன். புதிய பெல்கிரேடில் நாங்கள் இருக்கும் கட்டடத்தில், கீழ்வீட்டில் ஓர் அம்மா இருக்கிறார். ஓய்வுபெற்ற ஷப்தாச். நடிகருக்கு வசனம் மறந்துபோனால் மறைவிலிருந்து அடியெடுத்துக் கொடுப்பவரை இங்கே அப்படித்தான் அழைக்கிறார்கள். காதோடு காதாகச் சொல்பவர் என்று அர்த்தம். வயதில் மூத்த பெண்களைத் 'தேத்தா' என்பார்கள், நாம் அத்தை என்பதைப் போல. தேத்தாதான் என்னை முதன்முதலில் நாடகத்துக்குக் கூட்டிப்போனவர். கீழே வருவதில் பாதி அவர் சொல்லிக் கொடுத்தது.

நான் பின்தொடரும் நடிகரின் பெயரை எழுதப்போவதில்லை. வளர்ந்துகொண்டிருக்கிற பிள்ளை, கண் பட வேண்டாம். தம்பி என்றே சொல்கிறேன்.

ஏன் ஒரு நடிகர்

இங்குள்ள அரங்குகளில் ஒரு நாடகத்தை ஒரு மாதம் தொடர்ந்து போட்டுவிட்டு மூட்டை கட்டுவதில்லை. ஒரே மேடையில் இன்று செர்பிய நாடகாசிரியர் நூஷிச், நாளை ஷேக்ஸ்பியர், மறுநாள் போன வருஷம் எழுதிய ஒரு புது நாடகம் என்று மாறி மாறி நடக்கும். ஒவ்வொரு நாடகமும் மாதத்துக்கு ஒன்றிரண்டு முறை வரும். ஆட்கள் பார்க்க வரும்வரை வருஷக்கணக்கில் பட்டியலில் இருக்கும்.

இதனால் என்ன நடக்கிறதென்றால், ஒரு நடிகர் ஒரே பாத்திரத்தோடு ஐந்து, பத்து வருஷம் குடித்தனம் நடத்துகிறார். இங்கே எல்லாரும் சொல்லும் உதாரணம் ஸோரான் ரத்மிலோவிச். தூஷான் கோவாசெவிச் எழுதிய 'மூன்றாம் ரதோவான்' நாடகத்தில் 1973-ல் நடிக்கத் தொடங்கியவர், 1985-ல் இறக்கும்வரை ஏறக்குறைய 300 முறை அந்த வேஷத்தைக் கட்டினார். அதெல்யே 212 என்ற அரங்கில். ஒவ்வொரு முறையும் மேடையிலேயே புதிதாக எதையாவது சேர்த்தார். ஒரே நாடகத்துக்குத் திரும்பத் திரும்பப் போனவர்கள் உண்டு. போன முறை பார்த்ததும் இந்த முறை பார்த்ததும் ஒன்றாக இருக்காது என்று அவர்களுக்குத் தெரியும்.

தேத்தாவின் தலைமுறை அப்படிப் பார்க்கப் பழகிய தலைமுறை. ஒரு நாடகத்தை ஒருமுறை பார்த்துவிட்டு 'நன்றாக இருந்தது, நன்றாக இல்லை' என்று சொன்னால் அவர் பதிலே பேச மாட்டார்.

எழுத்தும் காதும்

முதலில் சிரிலிக் எழுத்தைக் கற்றுக்கொள்ளுங்கள். மொத்தம் 30 எழுத்து, ஒரு எழுத்துக்கு ஒரே ஒலி. ஒரு வாரம் போதும். செர்பியர்கள் லத்தீன் எழுத்திலும் எழுதுகிறார்கள் என்பதால் இது இல்லாமலும் காலம் தள்ளலாம். ஆனால் சுவரொட்டியில் உங்கள் நடிகரின் பெயரைத் தூரத்திலிருந்தே அடையாளம் காண இது வேண்டும். 19-ஆம் நூற்றாண்டில் வூக் கராஜிச் செய்த சீர்திருத்தத்துக்குப் பிறகு, பேசுவதைப் போல எழுது, எழுதியதைப் போல வாசி என்பது அவர்கள் கொள்கை. அயல்நாட்டுப் பெயரையும் நம்மைப் போலவே காதில் விழுந்தபடி தங்கள் எழுத்தில் எழுதுவார்கள். ஷேக்ஸ்பியர் அங்கே 'ஷெக்ஸ்பிர்'. எனக்கு இது வந்த முதல் வாரமே மனதுக்கு நெருக்கமாகிவிட்டது.

அப்புறம் காது. மொழி முழுவதும் புரிய வேண்டியதில்லை, ஆனால் ஒன்றை மட்டும் கேட்கப் பழகிக்கொள்ளுங்கள். செர்பிய மொழியில் அழுத்தம் நான்கு வகை: குறுகி இறங்குவது, நீண்டு இறங்குவது, குறுகி ஏறுவது, நீண்டு ஏறுவது. நமக்குக் குறிலும் நெடிலும் பழக்கம் என்பதால் நீளம் உடனே பிடிபடும். ஏற்ற இறக்கத்துக்குத்தான் நாளாகும். 'கிராத்' என்பதை நீட்டி இறக்கினால் நகரம், குறுக்கி இறக்கினால் ஆலங்கட்டி. 'கோரே' என்ற ஒரே சொல்லை நான்கு முறை வேறு வேறு அழுத்தத்தில் சொன்னால் 'மேலே மலைகள் இன்னும் மோசமாக எரிகின்றன' என்று ஒரு முழு வாக்கியமே வந்துவிடும். நடிப்புப் பள்ளியில் இதற்கென்றே நாள்கணக்காகப் பயிற்சி.

தெற்கிலிருந்து வரும் பிள்ளைகளுக்கு இதுதான் பெரிய மலை. தம்பியின் ஊர் லெஸ்கோவட்ஸ், பெல்கிரேடிலிருந்து தெற்கே சுமார் 280 கிலோமீட்டர். மிளகாயும் சுட்ட இறைச்சியும் பேர்போன ஊர். அந்தப் பக்கத்துப் பேச்சில் இந்த நான்கு அழுத்தமும் கிடையாது, ஒரே அழுத்தம்தான். நீளம் குறுக்கம் வேறுபாடும் இல்லை. பொது மொழியில் ஏழு வேற்றுமை இருக்க, ஊர்ப்பேச்சில் அதில் பெரும்பாலானவை தேய்ந்துபோய், முன்னால் ஒரு சின்னச் சொல்லைச் சேர்த்துச் சமாளிப்பார்கள். பெல்கிரேடில் அவர்கள் வாயைத் திறந்தாலே ஊர் தெரிந்துவிடும். படங்களிலும் தொடர்களிலும் அந்தப் பேச்சு வந்தால் பெரும்பாலும் சிரிக்க வைக்கத்தான் வரும்.

நான் எட்டாம் வகுப்புக்குச் சென்னையில் ஒரு பள்ளியில் சேர்ந்தேன். முதல் நாள், 'என்னுடைய' என்பதற்கு எங்கள் ஊர்ப்பேச்சில் "எனக்க புஸ்தகம்" என்று சொன்னதை ஆசிரியை வகுப்பு முழுவதையும் திரும்பச் சொல்ல வைத்தார். அந்த வருஷம் முழுக்க நான் வகுப்பில் பேசவில்லை. தம்பியை நான் ஏன் தேர்ந்தெடுத்தேன் என்பதற்கு வேறு விளக்கம் தேவையில்லை.

எங்கே போய்க் கண்டுபிடிப்பது

பெரிய அரங்குகளில் தொடங்காதீர்கள். நடிப்புப் பள்ளியில் தொடங்குங்கள். பெல்கிரேட் கலைப் பல்கலைக்கழகத்தின் நாடகக் கலைப் புலம் புதிய பெல்கிரேடில் இருக்கிறது, 1948-ல் தொடங்கியது. முதலெழுத்துகளை வைத்து 'எஃப்-தே-ஊ' என்பார்கள். இதில் நடிப்பு வகுப்பில் இடம் கிடைப்பது லேசுப்பட்ட காரியமில்லை. கோடையின் தொடக்கத்தில் நுழைவுத் தேர்வு, பல சுற்று. உருக்கமான ஒரு தனிப்பேச்சு, சிரிக்க வைக்கும் ஒன்று, கவிதை, பாட்டு, உடலசைவு எல்லாம் பார்ப்பார்கள். கடைசியில் தேறுவது ஒரு கைப்பிடி ஆட்கள். இரண்டு மூன்று முறை முயன்று உள்ளே வந்தவர்கள் நிறைய பேர். நோவி சாத் நகரத்துக் கலை அகாதெமியிலும் நடிப்பு படிக்கலாம். அங்கே செர்பிய மொழியிலும் ஹங்கேரிய மொழியிலும் தனித்தனியாகச் சொல்லிக் கொடுக்கிறார்கள்.

அந்தக் கைப்பிடி ஆட்களையும் ஒரே பேராசிரியர் நான்கு வருஷம் வைத்து வளர்க்கிறார். அந்தக் கூட்டத்துக்குக் 'கிளாசா' என்று பெயர். "யாருடைய கிளாசா?" என்பது இங்கே நடிகர்கள் ஒருவரை ஒருவர் கேட்கும் முதல் கேள்வி, நம் ஊர்ப் பாடகர்களிடம் யாரிடம் பயின்றீர்கள் என்று கேட்பதைப் போல. அறுபது வயதுக்குப் பிறகும் அந்த அடையாளம் போகாது. ஆகவே உங்கள் நோட்டில் நடிகரின் பெயருக்குப் பக்கத்தில் அவருடைய கிளாசாவையும் எழுதிக்கொள்ளுங்கள். பின்னாளில் ஒரு நாடகத்தில் இரண்டு பேர் கண்ணாலேயே பேசிக்கொள்வதைப் பார்த்து வியக்கும்போது, இருவரும் ஒரே கிளாசா என்பது தெரியவரும்.

மாணவர்களின் தேர்வு என்பது மேடையில் காட்சிகளை நடித்துக் காட்டுவதுதான். எஃப்-தே-ஊவில் மாத்தா மிலோஷெவிச் பெயரில் ஒரு மேடை உண்டு. பட்டத்துக்கான நாடகங்களையும் தேர்வுக் காட்சிகள் பலவற்றையும் வெளியாட்களும் போய்ப் பார்க்கலாம். நான் 2019-ல் அப்படித்தான் தேத்தாவோடு போனேன். செகாவ் காட்சிகள். இருபது வயதுப் பையன்கள் கிழவர்களாக நடித்தார்கள். தம்பி ஒரு வயதான வேலைக்காரன். எஜமானரின் கோட்டை வாங்கி மடித்து வைக்கும் வேலை மட்டும்தான் அந்தக் காட்சியில் அவருக்கு. மடித்துவிட்டு, தோளில் ஒட்டியிருந்த ஒரு முடியை எடுத்து, எங்கே போடுவது என்று தெரியாமல் தன் பையில் போட்டுக்கொண்டார். அடுத்த காட்சியில் இரண்டு வரி பேசும்போது ஒரு சொல் லெஸ்கோவட்ஸ் ஒலியில் விழுந்தது. எனக்கு அது தெரியவில்லை, தேத்தா என் முழங்கையை அழுத்தினார். அந்தப் பையனுக்குத் தெரிந்துவிட்டது. கண்ணில் ஒரு கணம் பயம் வந்து போனது. நிறுத்தாமல் தொடர்ந்தார்.

சரி, இப்படி உங்களுக்கும் ஒருவர் அமைவார். 'யார் நன்றாக நடித்தார்' என்று தேடாதீர்கள். வீட்டுக்கு வந்த பிறகும் யார் நினைவில் நிற்கிறார் என்று பாருங்கள். அவரைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

மூன்று முறை

இந்தக் கட்டுரையில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்வதானால் இதை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு நாடகத்தை மூன்று முறை பாருங்கள்.

பிரெமியேராவுக்கு, அதாவது முதல் காட்சிக்குப் போகாதீர்கள். அன்று அரங்கில் உட்கார்ந்திருப்பவர்களில் பாதிப் பேர் நாடகக்காரர்கள், உறவினர்கள், பத்திரிகைக்காரர்கள். நடிகர்கள் தேர்வு எழுதுவதைப் போல நடிப்பார்கள். இரண்டாவது காட்சியில் எல்லாருக்கும் களைப்பு இறங்கும், வரிகள் தடுமாறும். ஷப்தாச்சுக்கு வேலை அதிகமான நாள் அது என்று தேத்தா சொல்வார். நான்காவது, ஐந்தாவது காட்சிக்கு முதல் முறை போங்கள். ஆறேழு மாதம் கழித்து இரண்டாவது முறை. மூன்றாவது முறை, ஒரு வருஷம் தாண்டிய பிறகு.

போவதற்கு முன் நாடகத்தை ஏதாவது ஒரு மொழியில் படித்துவிடுங்கள். அதனால்தான் மொழி தெரியாதவர்கள் செகாவ், ஷேக்ஸ்பியர் என்று தொடங்குவது நல்லது. கதை தெரிந்துவிட்டால் காதும் கண்ணும் நடிகருக்கு மட்டும் வேலை செய்யும். குளிர்காலத்தில் கோட்டை வெளியே ஒப்படைத்துவிட்டுப் போக வேண்டும், அதற்கு வரிசை இருக்கும். மூன்று முறை மணி அடிப்பார்கள். மூன்றாவது மணிக்கு நீங்கள் இருக்கையில் இருக்க வேண்டும்.

நோட்டில் என்ன எழுதுவது? என்னுடையதில் மூன்றே விஷயம். அவர் பேசாதபோது என்ன செய்கிறார். கையை எங்கே வைத்திருக்கிறார். போன முறை இருந்து இந்த முறை காணாமல் போனது எது. மூன்றாவதுதான் முக்கியம். இளம் நடிகர்கள் சேர்த்துக்கொண்டே போவார்கள், வளரும்போது எடுத்துவிடத் தொடங்குவார்கள்.

தம்பிக்கு 2022-ல் ஒரு சிறு நகர அரங்கில் 'கொஸ்பொஜா மினிஸ்தார்கா'வில் வேஷம் கிடைத்தது. மந்திரியம்மா என்று சொல்லலாம். பிரானிஸ்லாவ் நூஷிச் எழுதி 1929-ல் மேடையேறியது. கணவர் திடீரென்று மந்திரியாகிவிட, அதுவரை கடனில் குடும்பம் நடத்திய ஷிவ்கா என்ற பெண்ணுக்குத் தலைகால் புரியாமல் போகும் கதை. நூஷிச்சைப் பார்க்காமல் செர்பியாவைப் புரிந்துகொள்ள முடியாது என்பது என் எண்ணம். அதில் பேரா என்று ஒரு எழுத்தர் வருவார். நிர்வாகப் பிரிவின் எழுத்தர் பேரா என்று தன்னை அறிமுகம் செய்துகொள்வதுதான் அவருடைய வாழ்க்கை. மந்திரி வீட்டார் தன்னை மறந்துவிடக் கூடாது என்ற ஒரே கவலை அவருக்கு. தம்பிக்குக் கிடைத்தது அந்த பேரா.

பேருந்தில் இரண்டு மணி நேரம் போய்ப் பார்த்தேன். முதல் முறை அவர் ஒவ்வொரு வருகைக்கும் ஒரு வித்தை வைத்திருந்தார். தொப்பி கீழே விழும், குரல் உடையும், கதவில் இடித்துக்கொள்வார். ஜனங்கள் சிரித்தார்கள். எனக்கு வருத்தமாக இருந்தது. கைதட்டலுக்காக மிகையாக நடிப்பதை இங்கே 'ஷ்மிரா' என்பார்கள்; நடிகர்கள் ஒருவரை ஒருவர் திட்ட அதைவிடக் கடுமையான சொல் இல்லை. வீட்டுக்கு வந்து தேத்தாவிடம் சொன்னேன். "பயம். சின்ன வேஷம்னா மறந்துடுவாங்களோன்னு பயம்," என்றார்.

இரண்டாவது முறை தொப்பி விழவில்லை. மூன்றாவது முறை, 2023 இலையுதிர்காலத்தில், அவர் ஒன்றுமே செய்யவில்லை. உள்ளே வந்தார், நின்றார், தன் பெயரையும் பிரிவையும் சொன்னார். கடைசி வருகையில் அந்த வரியைச் சொல்வதற்கு முன் ஷிவ்காவின் முகத்தைப் பார்த்து, தன்னை இந்த முறையாவது தெரிகிறதா என்று காத்திருந்தார். அவளுக்குத் தெரியவில்லை. அதற்குப் பிறகுதான் பெயரைச் சொன்னார். முன்வரிசையில் சிரித்துக்கொண்டிருந்த ஒருவர் சிரிப்பைப் பாதியில் நிறுத்தியதைப் பார்த்தேன். தம்பிக்கும் பேராவுக்கும் அந்த ஒன்றரை வருஷத்தில் ஒரே பயம்தான் இருந்திருக்கிறது. முதல் முறை அதை மறைத்தார், மூன்றாவது முறை அதையே எடுத்துக் கொடுத்தார். ஒரே முறை போயிருந்தால் 'மிகை நடிகர்' என்று எழுதி நோட்டை மூடியிருப்பேன்.

பெயருக்குப் பின்னால் இரண்டு எழுத்து

மாதத் தொடக்கத்தில் ஒவ்வொரு அரங்கும் அந்த மாதப் பட்டியலை வெளியிடும். நடிகர் பட்டியலில் சில பெயர்களுக்குப் பின்னால் 'கெ.கெ.' என்று இரண்டு எழுத்து இருக்கும். 'காவோ கோஸ்த்', விருந்தினராக என்பதன் சுருக்கம். அந்த அரங்கின் நிரந்தர உறுப்பினர் இல்லை, இந்த நாடகத்துக்கு மட்டும் ஒப்பந்தத்தில் வந்தவர் என்று அர்த்தம். ஓர் இளம் நடிகரின் வாழ்க்கையைப் படிக்க இந்த இரண்டு எழுத்து போதும்.

முந்தைய தலைமுறைக்குப் படிப்பு முடிந்ததும் ஏதாவது ஓர் அரங்கில் நிரந்தர இடம் கிடைக்கும் வாய்ப்பு இருந்தது; மாதச் சம்பளம், ஓய்வூதியம் எல்லாம் உண்டு. 2014 தொடக்கத்திலிருந்து அரசு நிறுவனங்களில் புதிதாக ஆள் எடுக்கத் தடை வந்தது. அரங்குகளும் அதில் அடக்கம். ஓய்வுபெற்றவர்களின் இடம் அப்படியே காலியாகக் கிடந்தது. தடை பல வருஷம் நீண்டது. அதற்குப் பின்னும் ஒவ்வொரு இடத்துக்கும் அனுமதி வாங்க வேண்டிய நிலை. ஆகவே இன்று இருபத்தைந்து, முப்பது வயதில் இருப்பவர்களில் பலர் நான்கு அரங்குகளில் கெ.கெ.

அவர்கள் நாடகக் கலைஞர்கள் சங்கத்தின் வழியாகத் 'தனித்து இயங்கும் கலைஞர்' என்ற தகுதி வாங்கிக்கொள்ளலாம். வாங்கினால் ஓய்வூதியக் காப்பீட்டுக்கும் மருத்துவக் காப்பீட்டுக்கும் உள்ளாட்சி பணம் கட்டும். மற்றபடி நடித்த நாளுக்குக் காசு. மீதிக்குத் தொடர், விளம்பரம், கார்ட்டூனுக்குக் குரல், பள்ளிக்கூட விழா. இப்படிச் சில்லறை வேலைக்குப் போவதைத் 'தெஸ்கா' என்பார்கள். சந்தையில் கடை போடும் பலகைக்கும் அதே சொல்தான்.

இதை அறிந்துகொண்டால் நீங்கள் எங்கே தேட வேண்டும் என்பது தெளிவாகும். ஸ்வெஸ்தாரா தெயாதர் போன்ற அரங்குகளுக்கு நிரந்தரக் குழுவே கிடையாது, எல்லாரும் வெளியிலிருந்து வருபவர்கள்தான். பெரிய அரங்குகளின் சிறிய மேடைகளையும் பாருங்கள்: தேசிய அரங்கில் ராஷா பிளாவோவிச், யுகோஸ்லாவிய நாடக அரங்கில் போயான் ஸ்தூபித்ஸா, அதெல்யே 212-ல் பேதர் கிரால். இந்த மேடைகளுக்கெல்லாம் நாடகக்காரர்களின் பெயரையே வைத்திருக்கிறார்கள். இளம் ஆட்களுக்கு முதல் பெரிய வேஷம் பெரும்பாலும் இங்கேதான் கிடைக்கும். ஞாயிற்றுக்கிழமை காலையில் குழந்தைகள் நாடகத்துக்கும் போங்கள், போஷ்கோ பூஹா போன்ற அரங்குகளுக்கு. தம்பி 2021-ல் ஒரு குழந்தைகள் நாடகத்தில் ஓநாயாக வந்தார். முதல் வரிசைச் சிறுமி ஒருத்தி பயந்து அழ, ஓநாய் மேடை விளிம்பில் உட்கார்ந்து தன் வாலை அவளிடம் பிடித்துப் பார்க்கக் கொடுத்தது. அவள் பிடித்துப் பார்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள், நாடகம் தொடர்ந்தது. கல்லூரியில் இதைச் சொல்லித்தர முடியுமா என்று தெரியவில்லை.

இன்னொன்று: யாருக்காவது உடம்பு சரியில்லாமல் போனால் இளம் நடிகர் ஒருவர் இரண்டு நாள் ஒத்திகையில் அந்த வேஷத்துக்குள் 'குதிப்பார்'. அப்படியொரு செய்தி கேட்டால் எந்த வேலையையும் விட்டுவிட்டுப் போங்கள்.

வெளியூர்

பெல்கிரேடோடு நிறுத்திக்கொள்ள வேண்டாம். செர்பிய நாடகம் தலைநகரில் பிறந்தது அல்ல. கிராகுயெவட்ஸ் அரங்கு 1835-ல் தொடங்கியது. நோவி சாத்தின் செர்பிய மக்கள் அரங்கு 1861-ல். பெல்கிரேட் தேசிய அரங்கின் கட்டடம் திறந்தது 1869-ல்தான். சிறு நகர அரங்குகளில் இளம் நடிகருக்குப் பெரிய வேஷம் சீக்கிரம் கிடைக்கும், எதிர் வீட்டுக்காரர்தான் பார்வையாளர், பொய் சொல்ல முடியாது.

மே கடைசியில் நோவி சாத்தில் ஸ்தெரியினோ போஸோர்யே விழா, 1956-லிருந்து நடக்கிறது. அந்த வருஷத்தின் சிறந்த நாடகங்களை ஒரே வாரத்தில் பார்த்துவிடலாம். நவம்பரில் ஊஷித்ஸே நகரத்தில் 'மொழிபெயர்ப்பு இல்லாமல்' என்ற பெயரில் ஒரு விழா. பழைய யுகோஸ்லாவியாவின் நாடுகள் இன்று தனித்தனி. ஆனால் அவர்கள் பேசுவது ஒருவருக்கொருவர் புரியும், அதனால் அந்தப் பெயர். அங்கே கொடுக்கும் பரிசுக்கு அர்தாலியோன் என்று பெயர், நடிகராக இருந்து உயிர்நீத்த ஒரு கிறிஸ்தவப் புனிதர்.

காலியாக இருக்கும் வருஷங்கள்

ஒரு நடிகரின் குறிப்பைப் படிக்கும்போது இடையில் வேலையே இல்லாத காலம் வந்தால், அவசரப்பட்டு அவரை எடைபோடாதீர்கள். வருஷத்தைப் பாருங்கள்.

தம்பியின் கிளாசா 2020-ல் பட்டம் பெற வேண்டியது. மார்ச்சில் அரங்குகள் மூடின. நான்கு வருஷம் காத்திருந்த பட்ட நாடகம் இலையுதிர்காலத்துக்குத் தள்ளிப்போய், இருக்கைகளுக்கு நடுவே இடைவெளி விட்டு, முகக்கவசம் போட்ட முப்பது பேருக்கு நடந்தது. முகம் தெரியாத பார்வையாளர்கள் முன் நடிப்பது எப்படி இருந்திருக்கும் என்று இப்போதும் நினைப்பேன்.

அதைவிடப் பெரியது 2024. அதற்கு முந்தைய வருஷம் மே மாதம் விழாவுக்காக வேக ரயிலில் நோவி சாத் போனபோது மழை. நிலையத்தின் முகப்புக் கூரைக்கு அடியில் நின்றுதான் குடையை விரித்தேன். 2024 நவம்பர் 1 அன்று அந்தக் கூரை இடிந்து விழுந்தது. இறந்தவர்கள் கடைசியில் 16 பேர். நவம்பர் 22 அன்று எஃப்-தே-ஊ மாணவர்களும் ஆசிரியர்களும் தங்கள் வாசலில் அவர்களுக்காக மௌனமாக நின்றபோது தாக்கப்பட்டார்கள். மூன்று நாளில் மாணவர்கள் புலத்தை முற்றுகையிட்டு உள்ளேயே தங்கினார்கள். அதன் பிறகுதான் மற்ற பல்கலைக்கழகங்களுக்கும் அது பரவியது. நாடு முழுவதையும் அசைத்த ஒன்று நடிப்புப் பள்ளியின் வாசலில் தொடங்கியது என்பதை இங்கே யாரும் மறக்கவில்லை. தம்பி படித்து முடித்துவிட்டவர்தான். ஆனாலும் இரவில் மாணவர்களுக்குச் சாப்பாடு கொண்டுபோனார். அந்தக் குளிர்காலத்தில் நாடகம் முடிந்து வணங்க வரும்போது நடிகர்கள் மாணவர்களுக்கு ஆதரவாக நின்றார்கள், சில நாள் காட்சிகளே நடக்கவில்லை. அவருடைய குறிப்பில் அந்த மாதங்கள் காலியாகத்தான் இருக்கும்.

தேத்தா இதைப் பேசும்போதெல்லாம் ஷாங்கா ஸ்தோகிச்சைச் சொல்வார். நூஷிச்சின் ஷிவ்காவாகப் புகழ்பெற்ற நடிகை. இரண்டாம் உலகப் போரில் ஆக்கிரமிப்புக் காலத்தில் நடித்தார் என்பதற்காக 1945-ல் அவருடைய 'தேசிய மரியாதை'யைப் பறித்து, மேடைக்கு வரவிடாமல் செய்தார்கள். 1947-ல் மறுபடி அழைப்பு வந்தது. மேடை ஏறுவதற்கு முன்பே இறந்துபோனார்.

நேரில் பார்த்தால்

நடிகர்கள் வெளியே வருவது பக்கத்தில் உள்ள பணியாளர் வாசல் வழியாக. அங்கே காத்திருக்கலாம், தப்பில்லை. அரங்கின் உள்ளே இருக்கும் காபிக் கடையில் மட்டும் போய்த் தொந்தரவு செய்யாதீர்கள், அது அவர்கள் வீட்டு அடுக்களை மாதிரி. பாராட்டுவதானால் பார்த்த ஒன்றைக் குறிப்பிட்டுச் சொல்லுங்கள். 'அருமை' என்பது அவர்களுக்கு எதுவும் தராது. பேராவை மூன்றாவது முறை பார்த்த இரவு நான் வாசலில் நின்று, "இந்தத் தடவை தொப்பி விழவில்லை" என்றேன். தம்பி சற்று நேரம் என்னைப் பார்த்துவிட்டு, "எத்தனை முறை வந்தீர்கள்?" என்று கேட்டார். அப்புறம் பேச்சு ஊர், பாஷை என்று போனது. "எனக்க" கதையைச் சொன்னேன். அந்தச் சொல்லைத் திரும்பச் சொல்லச் சொன்னார். தானும் சொல்லிப் பார்த்தார். வகுப்பு சொன்ன மாதிரி அல்ல. அந்த இரட்டைக் 'க்' எங்கே விழுகிறது என்று கேட்டுக் கேட்டுச் சரிசெய்துகொண்டு சொன்னார்.

இந்த சீசனில் அவருக்குக் 'கோஷ்தானா' கிடைத்திருக்கிறது. போரா ஸ்தான்கோவிச் எழுதி, 1900-ல் தேசிய அரங்கில் முதன்முதலில் நடந்தது. லெஸ்கோவட்ஸுக்கும் தெற்கே உள்ள வ்ரான்யே நகரத்துக் கதை, அந்த ஊர்ப் பேச்சிலேயே எழுதியது. பாடகி கோஷ்தானாமேல் பைத்தியமாகிப்போகும் பணக்காரர் வீட்டுப் பையன் ஸ்தோயான் வேஷம் தம்பிக்கு. பெயருக்குப் பின்னால் கெ.கெ. இன்னும் இருக்கிறது. நான்கு வருஷம் கஷ்டப்பட்டு ஒதுக்கிவைத்த பேச்சுக்கு அக்கம்பக்கமான ஒன்றை இப்போது பெல்கிரேட் நடிகர்களுக்கு அவர்தான் ஒத்திகையில் சொல்லிக் கொடுத்தாராம்.

ஐந்தாவது காட்சிக்கு நானும் தேத்தாவும் போனோம், மூன்றாவது வரிசை. தேத்தாவுக்கு எண்பது வயது நெருங்குகிறது, காது கொஞ்சம் மந்தம். இந்த நாடகத்துக்கு எத்தனையோ வருஷம் உட்கார்ந்து அடியெடுத்துக் கொடுத்தவர். தம்பி பேசத் தொடங்கியதும் அவரைத் திரும்பிப் பார்த்தேன். மேடையில் வரி வருவதற்கு அரைக் கணம் முன்னால், சத்தமில்லாமல், அவர் உதடு அசைந்துகொண்டிருந்தது. அடுத்த தடவைக்கு ஏப்ரலில் இரண்டு டிக்கெட் எடுத்து வைத்திருக்கிறேன்.